பின்னறைச் சுவர்

ஜனவரி 11

அன்புள்ள தம்பிக்கு,

ஒரு நீதிபதியால் ஒரு குழியை நிறுத்த முடியுமா? நேற்று அம்மா கேட்டாள், காய் நறுக்கிக்கொண்டே, தலை நிமிராமல். எனக்குத் தெரியாது என்றேன். "இத்தனை படிச்சு என்ன பிரயோஜனம்?" என்றாள். இரண்டு கேள்விகளையும், வீட்டில் இன்ஜினீயர் நீதான் என்பதால் உன்னிடம் தள்ளிவிடுகிறேன்.

சுகச் செய்தியை முதலில் சொல்லியிருக்க வேண்டும். அம்மாவுக்கு மூட்டுவலி குளிருக்கு ஏறியிருக்கிறது. நாக்குக்கு ஒரு குறையும் இல்லை. நான் கண்ணாடி மாற்றிக்கொண்டேன். உன் சின்னவளுக்கு இருமல் நின்றதா?

நம் வீட்டுக்குப் பின்னால் இருந்த மரக்கிடங்கை விற்று, இடித்து, மண்ணையும் தோண்ட ஆரம்பித்துவிட்டார்கள். ஒன்பது மாடி வருகிறதாம். கார்கள் நிற்பதற்கு மட்டும் தரைக்கு அடியில் மூன்று மாடி. குழிக்கும் அம்மாவின் பின்னறைச் சுவருக்கும் நடுவே ஓர் ஆள் பக்கவாட்டில் நடக்கலாம். அதுவும் சாப்பிடாத ஆள்.

ஞாயிற்றுக்கிழமை சந்துக்காரர்கள் எல்லோரும் பல் டாக்டரின் கிளினிக்கில் கூடினோம். ரிட்டயரான பேங்க் மாமா பல் பிடுங்குகிற நாற்காலியில் ஏறி உட்கார்ந்துகொண்டு, "ஸ்டே வாங்கிடலாம். சட்டம் நம்ம பக்கம்" என்றார். எதிர்வீட்டுத் தையலக்கா, "மாமா, நீங்க உட்கார்ந்திருக்கிற கோலத்தப் பாத்தா எனக்கே பல்லு வலிக்குது. எறங்கிப் பேசுங்க" என்றாள். அன்று முதல் அவருக்கு ஸ்டே மாமா என்று பெயர். நாங்கள் போடும் வழக்கில் அவர் முதல் மனுதாரர், அம்மா இரண்டாவது.

அம்மா அந்த அறையை விட்டு வர மாட்டேன் என்கிறாள். கல்யாணமாகி வந்த இடத்தில் நாத்தனார்களுக்கு நடுவே நடையில் பாய் விரித்துப் படுத்தவள் அல்லவா. "உங்கப்பா இந்த வீட்டக் கட்டினப்பதான் எனக்குன்னு ஒரு தாழ்ப்பாள் கெடச்சுது" என்று நேற்றும் சொன்னாள். அந்தத் தாழ்ப்பாளைப் போட்டுக்கொண்டுதான் பகலில்கூடப் படுக்கிறாள்.

போனில் சொல்லலாம்தான். போன் கூடத்தில் இருக்கிறது, அம்மா பக்கத்தில் நிற்பாள், அதற்குமேல் இயந்திரச் சத்தம். உடம்பைப் பார்த்துக்கொள். பதில் எழுது.

அக்கா


ஜனவரி 30

அன்புள்ள அக்காவுக்கு,

இங்கே நால்வரும் சௌக்கியம். சின்னவளின் இருமல் நின்று, இப்போது எனக்கு ஒட்டிக்கொண்டது. வெந்நீர் ஒத்தடத்தை விட வேண்டாம் என்று நான் சொன்னதாக அம்மாவிடம் சொல். கேட்க மாட்டாள், இருந்தாலும் சொல்.

குழியைப் பற்றி ரொம்பக் கவலைப்படாதே. இந்தக் காலத்தில் எந்தக் கம்பெனியும் கணக்குப் போடாமல் மண்ணைத் தொடுவதில்லை. சுவரில் விரிசல் கண்டால் ஒன்று செய். விரிசலுக்குக் குறுக்கே மெல்லிய கண்ணாடித் துண்டு ஒன்றை இரண்டு பக்கமும் பசை வைத்து ஒட்டு. சுவர் நகராவிட்டால் அது அப்படியே இருக்கும். நகர்ந்தால் உடையும். கண்ணாடி பொய் சொல்லாது.

நான் பாலம் கட்டும் கம்பெனியை விட்டுவிட்டேன். சொன்னேனோ இல்லையோ நினைவில்லை. இப்போது வேறு இடத்தில், கட்டட வேலை. எல்லாம் வேலைதான்.

ஸ்டே மாமாவுக்கு என் வணக்கம். உன் கண்ணையும் பார்த்துக்கொள்.

தம்பி


பிப்ரவரி 20

அன்புள்ள தம்பிக்கு,

உன் இருமல் குறைந்திருக்கும் என்று நம்புகிறேன். இங்கே அம்மா ஒத்தடத்தை மறுக்கிறாள், தைலத்தை ஏற்கிறாள். எனக்குக் குறையொன்றும் இல்லை.

நீ பாலங்களை விட்டது எனக்குத் தெரியாது. சொல்லவில்லை.

பின்னறைச் சுவரில் ஜன்னல் மூலையிலிருந்து ஒரு விரிசல் இறங்கியது. எங்கள் குடிநீர் ஆய்வகத்திலிருந்து மைக்ராஸ்கோப்புக்கு வைக்கிற கண்ணாடித் தகடுகள் கொண்டுவந்து ஒட்டினேன். அந்த வாரமே மேல் தகடு உடைந்தது. வேறொன்று ஒட்டினேன், அதுவும் உடைந்தது. இப்போது விரிசல் நெடுகக் கண்ணாடிகள். அம்மா, "சுவத்துக்கு வளையல் போட்டு விட்டிருக்கியா?" என்கிறாள்.

குழியில் ஊறும் தண்ணீரை எந்நேரமும் பம்ப் வைத்து இறைத்துச் சந்து ஓரமாக விடுகிறார்கள். பழக்கதோஷம், ஒரு பாட்டிலில் பிடித்து ஆய்வகத்தில் வைத்தேன். மறுநாள் அடியில் விரற்கடை உயரம் மண். மாவு போன்ற நயமான மண். தண்ணீர் தானாகக் கலங்காது, தம்பி. நம் வீட்டுக்கு அடியில் இருப்பதைத்தான் அவர்கள் தண்ணீரோடு இறைக்கிறார்கள். எங்கள் வழக்கை நடத்தும் வக்கீலம்மாவிடம் பாட்டிலைக் காட்டினேன். "நீங்க மனுதாரரோட பொண்ணு. உங்க ரிப்போர்ட்டுக்கு மதிப்பில்ல. வெளியாள் யாராவது இன்ஜினீயர் எழுதிக் குடுத்தாச் சொல்லுங்க" என்றாள்.

நீ மகன், வெளியாள் இல்லை. ஆனால் அடித்தளம் பற்றிப் பட்டமேற்படிப்பு படித்தவன், இந்த வழக்கில் உன் பெயரும் இல்லை. அரைப் பக்கம் எழுதிக் கையெழுத்துப் போட்டு அனுப்பினால் போதும் என்கிறாள். அடுத்த வியாழக்கிழமை கோர்ட் நியமித்த கமிஷனர் நேரில் பார்க்க வருகிறார். இப்போதைக்குக் குழி ஓர் ஆள் ஆழம்தான். இப்போது நிறுத்தினால் மண்ணைத் தள்ளி மூடிவிடலாம்.

பிள்ளைகளுக்கு என் அன்பு. சீக்கிரம் எழுது.

அக்கா


மார்ச் 6

அன்புள்ள தம்பிக்கு,

உன் பதில் வரவில்லை. நலமாக இருப்பாய். நாங்கள் உடம்பளவில் நலம்.

கமிஷனர் வந்து போனார். நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன், நீ சிரித்தாலும் குற்றமில்லை.

புதன்கிழமை நான் வேலைக்குப் போன பிறகு அம்மா பின்பக்க மதில் ஓரம் நின்று, குழியில் வேலை செய்துகொண்டிருந்த கொத்தனாரைக் கைதட்டிக் கூப்பிட்டிருக்கிறாள். "தம்பி, நாளைக்கு வீட்டுக்குப் பெரிய மனுஷங்க வர்றாங்க. இந்தச் சுவத்தக் கொஞ்சம் பாத்துக் குடுப்பா." அவர் நல்ல மனிதர். கம்பெனி சிமென்டைக் கொண்டுவந்து, விரிசலைக் கொத்தி அடைத்துப் பூசி, வெள்ளையும் அடித்துக் கொடுத்துவிட்டார். நான் வந்து பார்க்கும்போது சுவர் பால் போல இருந்தது. கண்ணாடித் தகடுகளைக் கழுவி டம்ளரில் போட்டு வைத்திருந்தாள், உடைந்தவை உட்பட.

"என்னம்மா இது?"

"பின்ன? கோர்ட்டு ஆளு வர்றாரு. விரிசலும் அழுக்குமாக் காட்டினா, இந்த வீட்டுப் பொம்பளைங்க வீட்ட எப்படி வச்சிருக்காங்கன்னு எழுதிட்டுப் போக மாட்டாரா?"

நான் டம்ளரை எடுத்து அலமாரியில் வைத்தேன்.

கமிஷனர் சுவரைத் தட்டிப் பார்த்தார். "நல்லாத்தானே இருக்கு?" என்றார். அம்மா பெருமையாக, "நேத்துதான் சார் பூசினோம்" என்றாள். கம்பெனி வக்கீல் கூரையைப் பார்த்துக்கொண்டு நின்றார். மாமா முன்பே எடுத்த போட்டோக்களை நீட்டினார். பாதிப் படங்களில் அவர் விரல்தான் தெரிகிறது. மீதியில் எந்தச் சுவர் என்று தெரியவில்லை. வெளியே வந்ததும் தையலக்கா சொன்னாள்: "நம்ம கேஸுக்கு நாமளே பட்டி பார்த்துட்டோம்."

விரிசல் ஏதும் காணப்படவில்லை என்று அறிக்கை. இடைக்காலத் தடை கிடையாது என்று உத்தரவு. மேல் கோர்ட்டுக்குப் போகிறோம்.

அம்மாவுக்கு இன்னும் புரியவில்லை. புரிந்துவிட்டதோ என்றும் சந்தேகமாக இருக்கிறது. நேற்றிலிருந்து என் தட்டில் இரண்டு கரண்டி அதிகமாகப் போடுகிறாள்.

நான் கேட்ட அரைப் பக்கம் இப்போதுதான் தேவை. உன் மனைவியையும் பிள்ளைகளையும் கேட்டதாகச் சொல்.

அக்கா


மார்ச் 27

அன்புள்ள அக்காவுக்கு,

எல்லோரும் நலம். உன் கடிதத்தைப் படித்து நானும் அவளும் கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தோம். பிறகு நான் சிரிக்கவில்லை.

அம்மாவைத் திட்டாதே. அவளுக்கு வீடு என்றால் நாலு பேர் பார்க்கிற சுவர்.

தாமதத்துக்கு மன்னித்துக்கொள். நாள் முழுவதும் தரைக்கு அடியிலேயே வேலை. காலையில் இறங்கினால் இருட்டியபின்தான் ஏறுகிறேன், வெயில் என்ன நிறம் என்று பிள்ளைகளைக் கேட்க வேண்டியிருக்கிறது.

எப்படியாவது அம்மாவை முன்னறைக்கு மாற்று. வழக்கு அதன் பாட்டுக்கு நடக்கட்டும். மூட்டுக்கு நான் அனுப்பிய மாத்திரை வந்ததா?

தம்பி


ஏப்ரல் 14

அன்புள்ள தம்பிக்கு,

மாத்திரை வந்தது. அம்மா பாதியைத் தையலக்காவுக்குக் கொடுத்துவிட்டாள். இருவருக்கும் குணமில்லை, நட்பு வளர்ந்திருக்கிறது.

நான் இரண்டு முறை கேட்டேன், முதல் முறை நீ பதிலே போடவில்லை, இரண்டாம் முறை வேறு எதையோ எழுதினாய். மூன்றாவது முறை கேட்கிறேன். அரைப் பக்கம். "நயமான மண்ணைத் தண்ணீரோடு இறைத்தால் பக்கத்து வீடுகளின் அடித்தளம் தளரும்." இது சரியா தவறா? சரியென்றால் எழுதிக் கையெழுத்துப் போடு. தவறென்றால் தவறு என்று எழுது, நான் மாமாவிடம் சொல்லி வழக்கையே விட்டுவிடச் சொல்கிறேன்.

பூசிய இடத்திலேயே மறுபடி கோடு விழுந்திருக்கிறது. இப்போது அம்மாவே கண்ணாடி ஒட்டுகிறாள். காலையில் எழுந்ததும் பல் துலக்குமுன் போய்ப் பார்க்கிறாள். உடைந்திருந்தால் என்னிடம் சொல்வதில்லை. சிமென்டுக்காரக் கொத்தனார் மதிலுக்கு அந்தப் பக்கமிருந்து, "அம்மா, சுவர் எப்படி இருக்கு?" என்று விசாரிக்கிறார். இவள், "நல்லாருக்குப்பா" என்கிறாள்.

குழி இறங்கிவிட்டது. எட்டிப் பார்த்தால் ஆட்கள் பொம்மை மாதிரி தெரிகிறார்கள். பல் டாக்டரின் நாற்காலி இயந்திரம் ஓடும்போதெல்லாம் நடுங்குகிறது. நோயாளிகள் அவர் கைதான் நடுங்குகிறது என்று நினைத்து எழுந்து போய்விடுகிறார்கள்.

மேல் கோர்ட்டில் ஜூலையில் விசாரணை. உன் உடம்பு எப்படி?

அக்கா


ஜூன் 3

அன்புள்ள அண்ணிக்கு,

நமஸ்காரம். அத்தைக்கு உடம்பு எப்படி இருக்கு? இங்க பிள்ளைங்க ரெண்டு பேரும் நல்லா இருக்காங்க, பெரியவன் என்னை விட உயரமா வளர்ந்துட்டான்.

உங்க லெட்டருக்கு அவர் பதில் போடலன்னு நீங்க வருத்தப்படுவீங்கன்னு நானே எழுதறேன். நான் எழுதறது அவருக்குத் தெரியாது. கோபத்துல போடாம இருக்கார்னு நினைக்காதீங்க. உங்க லெட்டரச் சட்டைப் பையிலயே வச்சுக்கிட்டுச் சுத்தறார். துவைக்கப் போடறப்ப நான்தான் எடுத்து வைக்கிறேன்.

அவர் வேலை பாக்கிற இடத்திலயும் இதே கதைதான் அண்ணி. அவர் தோண்டற குழிக்குப் பக்கத்துத் தெருக்காரங்க கோர்ட்டுக்குப் போயிருக்காங்க. தினமும் கேட்டுக்கு முன்னாடி வந்து நிக்கிறாங்க. ஒரு பெரியவர் வீட்டிலிருந்து நாற்காலி கொண்டுவந்து போட்டு உட்கார்ந்திருக்கார், இவரப் பாத்தா எழுந்து வணக்கம் சொல்றாராம். அதனாலயே இவர் பின்பக்கமாப் போய்ட்டு வர்றார். நீங்க கேட்ட மாதிரி எழுதிக் கையெழுத்துப் போட்டா, அதே பேப்பர இங்க இந்தத் தெருக்காரங்க கோர்ட்டுல காட்டுவாங்க, வேலை போயிடும்ங்கறார். போடாம இருந்தா தூக்கம் போகுது. மத்தளத்துக்கு ரெண்டு பக்கமும் இடி.

நான் சொன்னதாச் சொல்லிடாதீங்க. உங்க உடம்பப் பாத்துக்குங்க.

தம்பி மனைவி


ஜூன் 16

அன்புள்ள தம்பிக்கு,

நலமாக இருக்கிறாய் என்று கேள்விப்பட்டேன். அம்மா நலம்.

உன் கையெழுத்தை இனிக் கேட்கவில்லை. ஏன் என்று உனக்குத் தெரியும், எனக்கும் தெரியும். உன் மனைவியைக் கோபித்துக்கொள்ளாதே, அவள் உனக்காகத்தான் எழுதினாள்.

மாமா ஒரு ரிட்டயரான இன்ஜினீயரிங் பேராசிரியரைப் பிடித்துவிட்டார். அவர் நம் சுவரைப் பார்த்தார், என் பாட்டிலைக் குலுக்கிப் பார்த்தார், எழுதிக் கொடுத்துவிட்டார். ஊரான் எழுதிக் கொடுத்தான்.

அக்கா


ஜூலை 2

அன்புள்ள அக்காவுக்கு,

நலம் விசாரிக்க நேரமில்லை. விசாரித்ததாக வைத்துக்கொள்.

தயவுசெய்து இதைப் பொறுமையாகப் படி. குழி இப்போது முழு ஆழத்துக்கு வந்திருக்கும். இந்தக் கட்டத்தில் வேலையை நிறுத்தச் சொல்லிக் கேட்காதே. பிப்ரவரியில் நிறுத்தியிருந்தால் வேறு கதை. மண்ணைத் தள்ளி மூடியிருக்கலாம். இப்போது பக்கவாட்டு மண்ணைத் தாங்குவது தற்காலிக இரும்புத் தகடுகள் மட்டும். அவற்றுக்குக் குறுக்கே தாங்கல் கொடுத்து, அடியில் கான்கிரீட் தளம் போட்டால்தான் அது நிற்கும். பம்ப் ஓடாமல், தாங்கல் இல்லாமல், மழையில் குழியைத் திறந்து போட்டால் தகடுகள் சாயும். முதலில் வருவது உங்கள் சுவர்தான்.

வக்கீலம்மாவிடம் சொல்லி மனுவை மாற்று. 'நிறுத்து' என்று கேட்காதே. 'தாங்கலும் அடித்தளமும் போட்டு முடி, அதன்பிறகு மேலே எழுப்பாதே' என்று கேள். ஒரு பள்ளம் பாதியில் நிற்பதைவிட ஆபத்து ஒன்றுமில்லை. இங்கே நாங்கள் தோண்டிய குழி தடை உத்தரவால் பாதியில் நின்றது. அதன்பிறகு நடந்ததை எழுத முடியவில்லை.

அம்மாவை முன்னறைக்கு மாற்று. கெஞ்சிக் கேட்கிறேன்.

தம்பி


ஜூலை 19

அன்புள்ள தம்பிக்கு,

நாங்கள் நலம். உன் கடிதத்தை மூன்று முறை படித்தேன்.

நேற்று கோர்ட்டில் கம்பெனி வக்கீல் பேசினார். "கனம் நீதிபதி அவர்களே, ஒரு பள்ளம் பாதியில் நிற்பதைவிட ஆபத்து ஒன்றுமில்லை. தாங்கலும் அடித்தளமும் போட்டு முடிக்க எங்களை அனுமதியுங்கள்." உன் வாக்கியம்தான், எழுத்து மாறாமல். மாமா என் பக்கம் குனிந்து, "பாத்தியா, எப்படிப் பூச்சாண்டி காட்டறான். தளம் போட்டுட்டா அப்புறம் ஒன்பது மாடியும் போட்டுடுவான்" என்றார். உன் கடிதம் அப்போது என் கைப்பையில்தான் இருந்தது. நான் எடுத்துக் காட்டவில்லை.

இது உங்கள் தொழிலில் எல்லோரும் மனப்பாடம் செய்யும் பாடமா? தெரியாமல்தான் கேட்கிறேன். அரைப் பக்கம் எழுத ஐந்து மாதமாக உனக்கு நேரமில்லை. எங்கள் மனுவை மாற்றச் சொல்ல ஒரு முழுப் பக்கம் எழுத நேரம் இருந்தது. தண்ணீரில் என்ன இருக்கிறது என்று மட்டும் பார்த்தால் போதாது, பாட்டில் யாருடையது என்றும் பார்க்க வேண்டும் என்று எங்கள் தொழிலில் சொல்லிக்கொடுப்பார்கள்.

மனு மனுவாகவே இருக்கும். நிறுத்தச் சொல்லித்தான் கேட்கிறோம்.

ஒன்று மட்டும் சொல். நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தாரே அந்தப் பெரியவர், அவர் இப்போது எங்கே உட்கார்கிறார்?

உடம்பைப் பார்த்துக்கொள்.

அக்கா


ஆகஸ்ட் 1

அக்கா,

பெரியவரைப் பற்றிக் கேட்டிருக்கிறாய்.

அம்மாவை முன்னறைக்கு மாற்று.

தம்பி


ஆகஸ்ட் 21

அன்புள்ள தம்பிக்கு,

உன் இரண்டு வரி கிடைத்தது. நீயும் பிள்ளைகளும் நலமாக இருக்க வேண்டும். அம்மா இன்று நன்றாக இருக்கிறாள். ஏன் என்று கீழே எழுதுகிறேன்.

ஜனவரியில் அவள் கேட்ட கேள்விக்குப் பதில் வந்துவிட்டது. முடியும். மேல் கோர்ட் நேற்று முன்தினம் தடை கொடுத்துவிட்டது. எல்லா வேலையும் உள்ளது உள்ளபடி நிற்க வேண்டும், மறு உத்தரவு வரை எந்த இயந்திரமும் இயங்கக் கூடாது. கோர்ட் ஆள் வந்து பம்ப் வரைக்கும் சீல் வைத்துவிட்டுப் போனார்.

மாமா உத்தரவைச் சந்தின் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடி வரை உரக்கப் படித்துக்கொண்டே நடந்தார். தையலக்கா, "இன்னொரு தடவை படிங்க மாமா, அந்த 'உள்ளது உள்ளபடி' நல்லாருக்கு" என்றாள். அவர் படித்தார். எட்டு மாதத்துக்குப் பிறகு கூடத்துக் கடிகாரத்தின் சத்தம் கேட்டது. பல் டாக்டர் ஒரு கடைவாய்ப் பல்லை நடுங்காமல் பிடுங்கி, அதைத் தட்டில் வைத்துக்கொண்டு வாசலில் வந்து எல்லோருக்கும் காட்டினார்.

கம்பெனியின் இளம் இன்ஜினீயர், எங்களுக்கெல்லாம் அவன் பெயர் ஹெல்மெட், குழியின் ஓரத்தில் நின்றுகொண்டிருந்தான். என்னைப் பார்த்ததும், "மேடம், பம்புக்கு மட்டுமாவது அனுமதி கேளுங்க. மழை வருது" என்றான். அவன் முகத்தில் தந்திரம் எதுவும் எனக்குத் தெரியவில்லை. நான் முகத்தை நம்புகிறவள் இல்லை. இருந்தாலும் மாமாவிடம் சொன்னேன். "திங்கட்கிழமை வக்கீலம்மாவக் கேக்கலாம்" என்றார்.

அன்று மாலையே மழை பிடித்துக்கொண்டது. இன்றும் விடவில்லை. குழியில் தண்ணீர் மண் நிறத்தில் நிற்கிறது. அம்மாவிடம், கொஞ்ச நாளைக்கு முன்னறையில் படு என்றேன்.

"ஜெயிச்சப்புறம் எதுக்குடி ஓடணும்?"

"ஓட வேண்டாம். மழைக்குத்தான்."

"மழை முன்னறையில பெய்யாதா?" என்று தாழ்ப்பாளைப் போட்டுக்கொண்டாள்.

நீ சொன்னதை அவளிடம் சொல்லியிருக்கலாம். உன் பெயரைச் சொல்லியிருந்தால் கேட்டிருப்பாள். சொல்லவில்லை. சொன்னால் நீ எங்கே வேலை செய்கிறாய் என்பதையும் சொல்ல வேண்டியிருக்கும். அவள் எல்லோரிடமும் மகன் பாலம் கட்டுகிறான் என்று சொல்லிக்கொண்டிருக்கிறாள்.

நாளை உன்னோடு போனில் பேசலாம் என்றிருக்கிறேன். சத்தமில்லை, கேட்கும். இதை நாளை தபாலில் சேர்க்கிறேன்.

அக்கா

ஆகஸ்ட் 22. கடிதத்தை ஒட்டாமல் வைத்திருந்தேன். இன்று நடந்ததையும் இதிலேயே எழுதிவிடுகிறேன்.

காலையில் நான் அடுப்படியில் இருந்தேன். பின்னறையில் கண்ணாடிகள் ஒன்றன்பின் ஒன்றாக உடைகிற சத்தம் கேட்டது. அம்மாவைக் கூப்பிட்டேன். "தாழ்ப்பாள் வர மாட்டேங்குது" என்று உள்ளிருந்து சொன்னாள். சாதாரணமாகத்தான் சொன்னாள். நிலை கோணிக்கொண்டு தாழ்ப்பாள் இறுகியிருந்தது. நான் கதவைத் தள்ளினேன், தோளால் இடித்தேன். என் சத்தம் கேட்டுப் பல் டாக்டர் வந்தார். மதிலேறிக் குதித்து ஹெல்மெட்டும் கொத்தனாரும் வந்தார்கள். கடப்பாரையால் கதவைப் பிளந்து, கொத்தனார்தான் அம்மாவைத் தூக்கிக்கொண்டு வெளியே வந்தார். ஹெல்மெட் பம்பைப் போடச் சொல்லிக் கத்தினான். பம்புக்காரர் சீலைக் காட்டினார், குடையோடு வந்து நின்ற மாமாவைக் காட்டினார். மாமா கையில் உத்தரவு இருந்தது. "கோர்ட்டக் கேக்காம…" என்று ஆரம்பித்தவர் முடிக்கவில்லை. குடையைப் போட்டுவிட்டு ஓடிப்போய்ச் சீலைத் தன் கையாலேயே கிழித்தார். பம்ப் ஓடவில்லை. டீசலை முன்தினமே எடுத்துக்கொண்டு போய்விட்டார்களாம்.

பின்னறைச் சுவர் முதலில் குனிந்தது. பிறகு அறையோடு குழிக்குள் போனது. பெரிய சத்தம்கூட இல்லை. ஈர மண். அம்மாவின் கட்டில் மட்டும் கொஞ்ச நேரம் ஓரத்தில் தொங்கியது.

அம்மாவுக்கு முழங்கையில் சிராய்ப்பு, வேறு அடியில்லை. படுக்க வைக்க வேறு இடம் இல்லாமல் பல் டாக்டரின் நாற்காலியைச் சாய்த்துப் படுக்க வைத்தோம். பிறகு, "அந்தக் கமிஷனர இப்ப வந்து பாக்கச் சொல்லு" என்றாள்.

மதியம் நகர அலுவலகத்திலிருந்து வந்தார்கள். நம் வீடும் இரண்டு பக்க வீடுகளும் அபாயகரமானவை, உடனே இடிக்க வேண்டும் என்றார்கள். மாமா உத்தரவை நீட்டினார். அது குழிக்குத்தான், இதற்கில்லை என்றார்கள். வேறு இயந்திரம் கிடைக்காததால் கம்பெனியின் இயந்திரத்தையே கேட்டு வாங்கிச் சந்து வழியாகக் கொண்டுவந்தார்கள்.

உனக்குப் போன் செய்ய நினைத்தேன். போன் கூடத்தில் இருந்தது, கூடத்துக்குள் யாரையும் விடவில்லை.

இயந்திரத்தை ஓட்டுகிறவர் இறங்கி என்னிடம் வந்து, உள்ளே எடுக்க வேண்டியது ஏதாவது இருக்கிறதா என்று மரியாதையாகக் கேட்டார். அம்மாவின் மருந்துப் பை என்றேன். அவரே போய் எடுத்துவந்து கொடுத்தார். பிறகு ஏறி உட்கார்ந்து, முன்னறையிலிருந்து தொடங்கினார்.